‘வரலாற்றில் இன்று’ பட்டியலைப் பிழையில்லாமல் தயாரிப்பது எப்படி

பள்ளியில் காலை வழிபாட்டுக் கூட்டத்தில் வாசிக்க, நூலகப் பலகையில் எழுத, பண்பலையில் சொல்ல, வாட்ஸ்அப் குழுவில் போட என்று ‘வரலாற்றில் இன்று’ பட்டியலுக்குத் தேவை குறைவதே இல்லை. வேலையும் எளிது போலத் தெரியும். தேதியைத் தேடினால் இருபது வரி வரும், அதில் ஐந்தாறை எடுத்து ஒட்டினால் முடிந்தது. அப்படித் தயாராகும் பட்டியல்களில் ஏப்ரல் 23-க்குத் தவறாமல் வரும் வரி ஒன்று உண்டு: இங்கிலாந்தின் ஷேக்ஸ்பியரும் ஸ்பெயினின் எழுத்தாளர் செர்வான்டிசும் 1616-இல் ஒரே நாளில் மறைந்தார்கள். 1995-இல் யுனெஸ்கோ அந்தத் தேதியை உலகப் புத்தக நாளாக அறிவித்த பிறகு இது இன்னும் பரவிவிட்டது. ஆனால் ஸ்பெயினில் அப்போது புதிய நாள்காட்டி (இன்று நாம் பின்பற்றும் கிரிகோரியன்) வந்துவிட்டது, இங்கிலாந்தில் பழையதே (ஜூலியன்) நடந்தது. ஷேக்ஸ்பியர் மறைந்த நாள் ஸ்பெயின்காரர் கணக்கில் மே 3. போதாக்குறைக்கு, செர்வான்டிஸ் இறந்தது 22-ஆம் தேதி. அடக்கம் செய்ததுதான் 23. இருவர் மரணத்துக்கும் நடுவே பதினோரு நாள்.

எனவே பட்டியலில் ஏற வரும் ஒவ்வொரு வரியையும் நான்கு கேள்வி கேட்டுத்தான் உள்ளே விட வேண்டும். எந்த நாள்காட்டியில் சொன்ன தேதி? எந்த ஊர்க் கடிகாரம்? நிகழ்வின் எந்தக் கட்டம்? முதலில் இதை எழுதி வைத்தது யார்?

பதிவேடு

தினமும் காலையில் எழுந்து அன்றைய தேதியைத் தேடுவது பிழைக்கு வழி. ஒரு மாதம் முன்னதாகவே வேலை செய்யுங்கள். அதற்கு ஒரு பதிவேடு வேண்டும். கணினியில் வைப்பதானால் நாள், மாதம், ஆண்டு மூன்றையும் தனித்தனிப் பத்திகளில் எண்ணாக இடுங்கள். ஒரே கட்டத்தில் ‘தேதி’ என்று போட்டால் எக்செல் கழுத்தறுக்கும். 1900-க்கு முந்தைய தேதியை அது தேதியாகவே ஏற்காது, வெறும் எழுத்தாக வைத்துக்கொள்ளும். வரிசைப்படுத்தும்போது 1806 வேலூர்ப் புரட்சி எங்கோ கடைசியில் போய் உட்காரும். 1900-ஐ லீப் ஆண்டாகக் கணக்கிடும் பழைய கோளாறும் அதற்கு உண்டு.

மாதத்தைப் பெயராலேயே எழுதுங்கள். அமெரிக்கர்கள் மாதத்தை முதலில் எழுதுவார்கள். நாம் நாளை முதலில் எழுதுவோம். அவர்களுடைய 9/11 நமக்கு நவம்பர் 9. பெர்லின் சுவர் திறந்த 1989 நவம்பர் 9-ஐயும் நியூயார்க் தாக்குதல் நடந்த செப்டம்பர் 11-ஐயும் ஒரே தாளில் எண்ணால் எழுதிப் பாருங்கள், ஒரு வாரத்தில் இடம் மாறியிருக்கும்.

மற்ற பத்திகள்: இடம், ஒரே வாக்கியத்தில் நிகழ்வு, நாள்காட்டி (பழையது, புதியது, தமிழ்), உள்ளூர் நேரம் தெரிந்தால் அது, முதல் ஆதாரம், இரண்டாம் ஆதாரம், கிழமை, ஐயம். கடைசிப் பத்தியைக் காலியாக விடுவதற்காகவே வேலை செய்கிறோம். அது நிரம்பியிருக்கும் வரி பலகைக்குப் போகக் கூடாது.

ஒரு தேதிக்குப் பதினைந்து, இருபது வரி சேர்த்தால்தான் சோதனைக்குப் பிறகு ஐந்தாறு தேறும். பலகைக்கும் வழிபாட்டுக் கூட்டத்துக்கும் ஐந்துக்கு மேல் வேண்டாம். வரிக்கு இருபது சொல்லுக்குள் முடியுங்கள். வானொலிக்கு மூன்றே போதும்.

இரண்டு ஆதாரம் என்றால் இரண்டு இணையப் பக்கம் என்று பொருளல்ல. ஒரே எழுத்துப்பிழையோடு இரண்டிலும் ஒரே வாக்கியம் இருந்தால் அது ஓர் ஆதாரம்தான். நிகழ்வு நடந்த காலத்துத் தாள் ஒன்றாவது வேண்டும்: அரசிதழ், பிறப்பு இறப்புப் பதிவேடு, கடிதம், மறுநாள் செய்தித்தாள். தமிழ் இணையக் கல்விக்கழகத்தின் மின்னூலகம், சென்னையில் ரோஜா முத்தையா ஆராய்ச்சி நூலகம், எழும்பூரில் தமிழ்நாடு ஆவணக் காப்பகம், இலங்கைச் செய்திகளுக்கு நூலகம் இணையத்தளம் ஆகியவை முதலில் தட்ட வேண்டிய கதவுகள். செய்தித்தாளைப் பார்க்கும்போது தாளின் தேதியை எடுத்துவிடாதீர்கள். காலைப் பத்திரிகை சொல்வது பெரும்பாலும் நேற்றைய சங்கதி. செய்தியின் தொடக்கத்தில் ஊரோடு போட்டிருக்கும் தேதியைப் பாருங்கள். வார இதழ்களில் அட்டைத் தேதி கடைக்கு வந்த நாளைவிடப் பிந்தியதாகவே இருக்கும். அதை நம்பவே வேண்டாம்.

நாள்காட்டி: அதிகம் தவறுவது இங்கேதான்

இன்று உலகம் பின்பற்றும் கிரிகோரியன் நாள்காட்டி 1582-இல் வந்தது. ஸ்பெயின், போர்ச்சுகல், இத்தாலி, போலந்து நாடுகளில் அக்டோபர் 4 வியாழனுக்கு மறுநாள் அக்டோபர் 15 வெள்ளி. மற்றவர்கள் அவரவர் வசதிக்கு மாறினார்கள். பிரிட்டனும் அதன் குடியேற்றங்களும் 1752-இல் (செப்டம்பர் 2-க்கு மறுநாள் 14), ரஷ்யா 1918-இல் (ஜனவரி 31-க்கு மறுநாள் பிப்ரவரி 14), கிரீஸ் 1923-இல் (பிப்ரவரி 15-க்கு மறுநாள் மார்ச் 1). அந்த நாடு மாறுவதற்கு முன் நடந்த எதுவும் பழைய தேதியில்தான் ஆவணத்தில் இருக்கும்.

மாற்றும் கணக்கு எளிது. 1582 முதல் 1700 பிப்ரவரி முடிய 10 நாள் கூட்டுங்கள், அதன் பிறகு 1800 பிப்ரவரி முடிய 11, 1900 பிப்ரவரி முடிய 12, அதற்கப்பால் 13. எல்லா ரஷ்யத் தேதிக்கும் 13 கூட்டுவது வழக்கமான தவறு. இதன் விளைவைக் காட்ட நவம்பர் 7-ஐ விடச் சிறந்த தேதி கிடையாது. பெட்ரோகிராடில் போல்ஷெவிக்குகள் ஆட்சியைப் பிடித்தது பழைய கணக்கில் 1917 அக்டோபர் 25. 13 கூட்டினால் நவம்பர் 7. அந்தப் புரட்சியின் தளபதிகளில் ஒருவரான டிராட்ஸ்கி பிறந்தது பழைய கணக்கில் 1879 அக்டோபர் 26. அது 19-ஆம் நூற்றாண்டு என்பதால் 12 கூட்ட வேண்டும், வருவது நவம்பர் 7. பழைய நாள்காட்டியில் இரண்டும் வெவ்வேறு தேதிகள், புதியதில் ஒன்று. அவசரத்தில் இரண்டுக்கும் 13 கூட்டியவர் டிராட்ஸ்கியை 8-ஆம் தேதிக்குத் தள்ளிவிடுவார். (சர் சி. வி. ராமன் 1888, மேரி கியூரி 1867 இருவர் பிறந்ததும் நவம்பர் 7 என்பதால் அந்தத் தேதிக்கு எப்படியும் இடநெருக்கடி.)

கலிலியோ மறைந்த ஆண்டில் நியூட்டன் பிறந்தார் என்பதும் இதே வகை. கலிலியோ இத்தாலியின் புதிய கணக்கில் 1642 ஜனவரி 8 அன்று மறைந்தார். நியூட்டன் இங்கிலாந்தின் பழைய கணக்கில் 1642 டிசம்பர் 25 அன்று பிறந்தார். அது புதிய கணக்கில் 1643 ஜனவரி 4. நாள் மட்டுமல்ல, ஆண்டே வேறு.

இது ஐரோப்பாவின் தலைவலி, நமக்கென்ன என்று விட முடியாது. 1746-இல் சோழமண்டலக் கரையில் பிரெஞ்சுக்காரர் புதுச்சேரியிலும் டச்சுக்காரர் நாகப்பட்டினத்திலும் புதிய கணக்கில் இருந்தார்கள். ஆங்கிலேயர் சென்னையிலும் கடலூர் செயின்ட் டேவிட் கோட்டையிலும் பழைய கணக்கில் இருந்தார்கள். புதுச்சேரியில் மாலை கிளம்பிக் கடலூர் போனவர் பதினோரு நாள் பின்னால் போனார். பிரெஞ்சுக் கடற்படைத் தளபதி லா பூர்தொனே சென்னையைப் பிடித்த நாளை பிரெஞ்சு ஏடுகள் செப்டம்பர் 21 என்றும் ஆங்கில ஏடுகள் செப்டம்பர் 10 என்றும் எழுதியிருப்பது இதனால்தான். இரண்டும் சரி, இரண்டும் ஒரே புதன்கிழமை. பட்டியலில் இரண்டு தேதியிலும் இதைப் போட்டவர்கள் உண்டு. ஒன்றைத் தேர்ந்தெடுத்து, பதிவேட்டில் மற்றதையும் குறித்து வையுங்கள்.

ஆங்கிலேயர் ஏடுகளில் இன்னொரு பள்ளம்: 1752-க்கு முன் அவர்களுடைய சட்டப்படியான ஆண்டு மார்ச் 25-இல்தான் பிறக்கும். ஜனவரி 1-இலிருந்து மார்ச் 24 வரையுள்ள கடிதங்களில் போட்டிருக்கும் ஆண்டோடு ஒன்று கூட்டிக்கொள்ள வேண்டும். 1639/40 என்று இரட்டையாக எழுதியிருந்தால் நமக்கு வேண்டியது பின்னது.

சென்னை நாளையும் சொல்லிவிடலாம். ஆகஸ்ட் 22, 1639 என்று கொண்டாடுகிறோம். நிலம் அளித்த ஆவணத்தில் ஜூலை 22 என்றே இருக்கிறது. ஆனால் நிலத்தைப் பெற்ற கிழக்கிந்தியக் கம்பெனி அலுவலர் பிரான்சிஸ் டே அங்கே வந்து சேர்ந்ததே ஜூலை 27 என்பதால் அதை எழுத்துப்பிழையாகக் கொண்டு ஆகஸ்ட் 22 என்று கொள்கிறார்கள். அதுவும் பழைய கணக்கு. புதியதில் செப்டம்பர் 1 வரும். இதைச் சொல்லி யாரும் விழாவை மாற்றப் போவதில்லை, மாற்றவும் வேண்டாம். ஊர் கொண்டாடும் தேதியில் போடுங்கள். ஆனால் அதே 1639 ஆகஸ்ட் 22 அன்று பாரிசில் நடந்த எதையாவது பக்கத்தில் வைத்து ‘அதே நாளில்’ என்று எழுதாதீர்கள்.

1582-க்கு முந்தைய நிகழ்வுகளுக்கு மாற்றுக் கணக்கே வேண்டாம். வாஸ்கோ ட காமா கோழிக்கோடு வந்த 1498 மே 20, கான்ஸ்டான்டிநோபிள் வீழ்ந்த 1453 மே 29 எல்லாம் ஆவணத்தில் உள்ளபடியே வழங்கும். 1752-க்குப் பிந்தைய ஆங்கிலேயர் ஆவணத்திலும் கை வைக்காதீர்கள். கட்டபொம்மன் தூக்கிலிடப்பட்ட 1799 அக்டோபர் 16-க்கு யாரோ 11 கூட்டினால் அது வீண் வேலை மட்டுமல்ல, தவறும்கூட.

தமிழ்த் தேதி

பழைய கடிதம், நாட்குறிப்பு, கல்லறை வாசகங்களில் தமிழ் ஆண்டு, மாதம், தேதி, கிழமை இருக்கும். ஆனந்தரங்கப் பிள்ளையின் நாட்குறிப்பு அப்படித்தான் எழுதப்பட்டது. முதலில் குறியீடுகள்: ௵ வருடம், ௴ மாதம், ௳ நாள். நாள் குறி பார்வைக்குத் தமிழ் எண் இரண்டைப் போலிருக்கும் என்பதால் முன்னால் உள்ள எண்ணோடு சேர்த்துப் படித்துவிடுவார்கள். முப்பத்திரண்டுக்கு மேல் தேதி வந்தால் படித்ததில் பிழை.

அடுத்தது ஆண்டு. அறுபது பெயர்கள் சுற்றி வருவதால் துன்மதி என்றால் 1861-62, 1921-22, 1981-82 மூன்றும் ஆகலாம். கலி ஆண்டோ சக ஆண்டோ கொல்லம் ஆண்டோ கூட இருக்கிறதா என்று தேடுங்கள். இல்லையென்றால் கிழமையை வைத்துத்தான் முடிவு கட்ட வேண்டும்.

மாதத் தேதியை இன்றைய தினசரிக் காலண்டரை வைத்து மாற்றுவதுதான் பெரும்பாலோர் செய்யும் தவறு. தமிழ் ஆண்டு விண்மீனை அடிப்படையாகக் கொண்டது, ஆங்கில ஆண்டைவிடச் சற்றே நீளமானது. அறுபது எழுபது ஆண்டுக்கு ஒரு நாள் வீதம் அது விலகிக்கொண்டே போகும். பாரதியார் பிறந்தது சித்திரபானு ஆண்டு கார்த்திகை 27. அன்று 1882 டிசம்பர் 11. இன்றைய காலண்டரில் கார்த்திகை 27 டிசம்பர் 12 அல்லது 13-இல் விழும். இன்றையதைப் பார்த்து மாற்றியவர் பாரதி பிறந்தநாளையே தள்ளிவைத்திருப்பார். அந்தந்த ஆண்டுப் பஞ்சாங்கம், அல்லது சுவாமிக்கண்ணுப் பிள்ளை தொகுத்த எபிமெரிஸ் (இந்திய, ஆங்கிலத் தேதிகளை ஒப்பிடும்) அட்டவணைகள்தான் வழி.

நட்சத்திரத்தால் கொண்டாடும் நாட்களுக்கு இந்தப் பட்டியலில் நிரந்தர இடம் தர முடியாது. தஞ்சைப் பெரிய கோயிலில் இராசராசனுக்கு எடுக்கும் ஐப்பசிச் சதய விழா ஒவ்வோர் ஆண்டும் வெவ்வேறு ஆங்கிலத் தேதியில் வரும். அதைத் தனித்தாளில் வைத்து, ஆண்டுதோறும் புதிதாக இடுங்கள்.

கடிகாரம்

நள்ளிரவை ஒட்டி நடந்தவை எல்லாம் சந்தேகத்துக்குரியவை. பாரதியார் உயிர் பிரிந்தது நள்ளிரவு தாண்டி ஏறத்தாழ ஒன்றரை மணிக்கு. ஆங்கிலக் கணக்கில் அது 1921 செப்டம்பர் 12. இறப்புப் பதிவேடும் 12 என்றே சொல்கிறது. ஆனால் நம் வழக்கில் விடிந்தால்தான் மறுநாள் என்பதால் வீட்டாருக்கும் நண்பர்களுக்கும் அது ஞாயிற்றுக்கிழமை இரவு. அரசு 11-ஐத்தான் நினைவுநாளாகக் கடைப்பிடிக்கிறது. 2021-இல் அதை ‘மகாகவி நாள்’ என்றும் அறிவித்தது. பலகைக்கு எளிய தீர்வு: 11-ஆம் தேதித் தாளில் ‘செப்டம்பர் 11 நள்ளிரவு தாண்டி பாரதியார் மறைந்தார்’ என்று எழுதுங்கள். 11 என்பவரும் 12 என்பவரும் சண்டைக்கு வர மாட்டார்கள்.

தனுஷ்கோடிப் புயல் (1964 டிசம்பர் 22 இரவு, 23 அதிகாலை), யாழ்ப்பாண நூலக எரிப்பு (1981 மே 31 இரவு, ஜூன் 1) ஆகியவற்றுக்கும் இதே முறைதான்: ‘இரவு’ என்ற சொல்லையும் இரண்டு தேதிகளையும் சேர்த்தே எழுத வேண்டும். பாகிஸ்தான் ஆகஸ்ட் 14-ஐக் கொண்டாடினாலும் இந்திய விடுதலைச் சட்டம் இரு நாடுகளுக்கும் குறித்த நாள் 1947 ஆகஸ்ட் 15 தான்.

தூரத்து நிகழ்வுகளுக்கு விதி ஒன்றே. நிகழ்ந்த ஊரின் தேதியில் போடு, நம் ஊருக்கு மாற்றாதே. முத்துத் துறைமுகத் (பேர்ல் ஹார்பர்) தாக்குதல் ஹவாயில் 1941 டிசம்பர் 7, ஜப்பானில் டிசம்பர் 8. மலாயாவின் கோத்தா பாருவில் ஜப்பானியர் இறங்கியது அவ்வூர்த் தேதிப்படி டிசம்பர் 8. தேதியை மட்டும் பார்த்தால் முத்துத் துறைமுகத்துக்கு மறுநாள் போலத் தோன்றும். உண்மையில் கோத்தா பாருதான் ஒரு மணி நேரத்துக்கு மேல் முந்தியது. ‘முதலில்’, ‘பிறகு’, ‘அதே நேரத்தில்’ என்ற சொற்களைப் போடும் முன் இரண்டையும் பொது நேரத்துக்கு (கிரீன்விச் நேரம்) மாற்றிப் பாருங்கள்.

நிலவுக்கு ஊர் கிடையாது என்பதால் அங்கே மட்டும் வழக்கைப் பின்பற்ற வேண்டியதுதான். ஆர்ம்ஸ்ட்ராங் காலடி வைத்தது அமெரிக்கக் கிழக்குக் கரை நேரப்படி 1969 ஜூலை 20 இரவு 10.56, இந்தியாவில் அப்போது 21-ஆம் தேதி காலை 8.26. வாசிக்கிற மாணவன் தாத்தாவிடம் கேட்டால் அவர் 21 என்பார். இரண்டும் சரி என்று வரியிலேயே தெரியும்படி எழுதுங்கள்.

நிகழ்வின் எந்தக் கட்டம்?

சட்டம், பெயர் மாற்றம், ஒப்பந்தம், நாட்டு விடுதலை போன்றவை ஒரே நாளில் நடந்து முடிவதில்லை. தீர்மானம், கையெழுத்து, ஒப்புதல், நடைமுறை என்று நான்கு தேதி இருக்கும். சென்னை மாநிலத்துக்குத் தமிழ்நாடு என்று பெயரிடச் சட்டமன்றம் தீர்மானம் நிறைவேற்றியது 1967 ஜூலை 18; பெயர் நடைமுறைக்கு வந்தது 1969 ஜனவரி 14; மொழிவழியில் மாநில எல்லை அமைந்தது 1956 நவம்பர் 1. ‘தமிழ்நாடு உருவான நாள்’ என்ற மொட்டை வரி இந்த மூன்றில் எதைச் சொல்கிறது என்று கேட்டால் பதில் இருக்காது. வினைச்சொல்லைத் திருத்தினாலே சிக்கல் தீரும்: தீர்மானம் நிறைவேறியது, பெயர் நடைமுறைக்கு வந்தது, மாநிலம் சீரமைக்கப்பட்டது.

புதுச்சேரியிலும் அப்படியே. நிர்வாகம் இந்தியாவிடம் வந்தது 1954 நவம்பர் 1, சட்டப்படி இணைந்தது 1962 ஆகஸ்ட் 16. அமெரிக்கச் சுதந்திரப் பிரகடனத்தை ஏற்றது 1776 ஜூலை 4. பிரிவதற்கான வாக்கெடுப்பு ஜூலை 2. பெரும்பாலோர் கையெழுத்திட்டது ஆகஸ்ட் 2. ஜூலை 4-இல் ‘கையெழுத்தானது’ என்று எழுதினால் தவறு.

ஆட்களுக்கும் கட்டங்கள் உண்டு. ஷேக்ஸ்பியர் பிறந்ததாகச் சொல்லும் 1564 ஏப்ரல் 23 ஊகம். ஆவணத்தில் இருப்பது ஏப்ரல் 26 அன்று நடந்த ஞானஸ்நானம். நம் ஊரில் பள்ளியில் சேர்க்கும்போது வாத்தியார் போட்ட தேதியே சான்றிதழிலும் வாழ்க்கை வரலாற்றிலும் ஏறிவிடும். அந்தக் கால ஆளுமைகளின் பிறந்தநாள் ஜூன் மாதத் தொடக்கத்தில் இருந்தால் ஜாதகமோ வீட்டுக் குறிப்போ இருக்கிறதா என்று இன்னொரு முறை தேடுங்கள்.

கிழமைச் சோதனை

ஆவணத்தில் கிழமையும் இருந்தால் தேதியைச் சரிபார்க்க இதைவிட மலிவான வழி இல்லை. தாளும் பேனாவும் போதும்.

ஆண்டின் கடைசி இரண்டு இலக்கம், அதை நான்கால் வகுத்த ஈவு (மீதியை விடுங்கள்), மாத எண், நாள், நூற்றாண்டு எண் ஐந்தையும் கூட்டி ஏழால் வகுங்கள். மீதி 0 என்றால் ஞாயிறு, 1 திங்கள், இப்படியே 6 சனி.

மாத எண்கள்: ஜனவரி 0, பிப்ரவரி 3, மார்ச் 3, ஏப்ரல் 6, மே 1, ஜூன் 4, ஜூலை 6, ஆகஸ்ட் 2, செப்டம்பர் 5, அக்டோபர் 0, நவம்பர் 3, டிசம்பர் 5.
நூற்றாண்டு எண்கள்: 1600-கள் 6, 1700-கள் 4, 1800-கள் 2, 1900-கள் 0, 2000-கள் 6.
லீப் ஆண்டின் ஜனவரி, பிப்ரவரித் தேதிகளுக்கு மட்டும் மொத்தத்தில் ஒன்று குறையுங்கள்.

1947 ஆகஸ்ட் 15-ஐப் போட்டுப் பார்க்கலாம்: 47 + 11 + 2 + 15 + 0 = 75. ஏழால் வகுத்தால் மீதி 5. வெள்ளிக்கிழமை, சரி. இந்தக் கணக்கு புதிய நாள்காட்டிக்கு மட்டும்தான். பழைய தேதியை முதலில் மாற்றிவிட்டுப் பிறகு போடுங்கள். கிழமை பொருந்தாவிட்டால் ஒரு நாள் முன்பின்னாக வருகிறதா என்று பாருங்கள். வந்தால் நள்ளிரவுச் சிக்கல். பத்து, பதினோரு நாள் விலகினால் நாள்காட்டிச் சிக்கல். எதற்கும் அடங்காவிட்டால் ஆண்டிலேயே பிழை இருக்க வாய்ப்பு அதிகம்.

தற்செயலா, தேர்ந்தெடுத்ததா?

ஒரே தேதியில் இரண்டு நிகழ்வு வந்தவுடன் ‘ஆச்சரியம்’ என்று எழுதத் தோன்றும். கொஞ்சம் பொறுங்கள். 1930 ஜனவரி 26 அன்று முழு விடுதலை நாள் கொண்டாடப்பட்டதை மனதில் வைத்துத்தான், 1949 நவம்பர் 26-இல் ஏற்கப்பட்ட அரசியலமைப்பு 1950 ஜனவரி 26-இல் நடைமுறைக்கு வந்தது. இங்கே ஒற்றுமை தற்செயல் அல்ல, திட்டம். அதே ஜனவரி 26-இல் 1788-இல் ஆங்கிலேயர் சிட்னியில் இறங்கியதும், 2001-இல் குஜராத் நிலநடுக்கம் வந்ததும் தற்செயல். முதல் வகையை ஒரே வரியில் ‘என்பதால்’ போட்டு இணையுங்கள். இரண்டாவது வகையைத் தனித்தனி வரியாக விடுங்கள். அமெரிக்கப் பிரகடனத்தின் ஐம்பதாம் ஆண்டு நிறைவான 1826 ஜூலை 4 அன்றே ஜான் ஆடம்சும் ஜெஃபர்சனும் இறந்தது போன்றவை அபூர்வம். அங்கே வியந்துகொள்ளலாம்.

செப்டம்பர் 11: ஒரு தாள் தயாராகும் விதம்

சேர்த்தவை: 1893 சிகாகோ சமயப் பேரவை, 1895 வினோபா பாவே பிறப்பு, 1906 ஜோகன்னஸ்பர்க் கூட்டம், 1921 பாரதியார், 1948 ஜின்னா மறைவு, 1957 இம்மானுவேல் சேகரன் கொலை, 1973 சிலி ராணுவப் புரட்சி, 2001 அமெரிக்கத் தாக்குதல்.

எல்லாமே புதிய நாள்காட்டிக் காலம், மாற்றம் தேவையில்லை. 2001-இல் முதல் விமானம் மோதியது நியூயார்க் நேரம் காலை 8.46, இந்தியாவில் மாலை 6.16, அதே தேதி. பாரதி வரிக்கு மேலே சொன்ன ‘நள்ளிரவு தாண்டி’. கிழமை போட்டுப் பார்த்தால் 1906, 1973, 2001 மூன்றும் செவ்வாய். அதில் அர்த்தம் எதுவும் இல்லை. ஆனால் மாணவர்களுக்குக் கணக்குப் பயிற்சியாகக் கொடுக்கலாம்.

இனி வினைச்சொற்கள். விவேகானந்தர் அன்று ஆற்றியது சிறிய வரவேற்புரைக்கான மறுமொழி. இந்து சமயம் பற்றிய நீண்ட கட்டுரையை அவர் வாசித்தது 19-ஆம் தேதி. இரண்டையும் கலக்காதீர்கள். 1906-இல் டிரான்ஸ்வால் அரசின் ஆசியர் பதிவு விதிக்குப் பணிவதில்லை என்று காந்தியும் அங்கிருந்த இந்தியர்களும் எம்பயர் அரங்கில் உறுதி எடுத்தார்கள். சத்தியாகிரகம் என்ற பெயர் பிறகு வந்தது. ‘சத்தியாகிரகத்துக்கு வித்திட்ட கூட்டம்’ என்றால் சரி. சிலியில் அதிபர் அயெண்டே ‘கொல்லப்பட்டார்’ என்று எழுதக் கூடாது. முற்றுகையிடப்பட்ட மாளிகையில் தற்கொலை செய்துகொண்டார் என்பதே விசாரணையின் முடிவு. பரமக்குடியில் இம்மானுவேல் சேகரன் ‘மறைந்தார்’ என்று மழுப்பவும் கூடாது; கொல்லப்பட்டார். அந்தப் பகுதிப் பள்ளியில் வாசிக்கும்போது அடைமொழி ஏதுமில்லாமல் ஊர், ஆண்டு, நிகழ்வு மூன்றோடு நிறுத்துங்கள்.

எட்டில் ஐந்து எடுக்க வேண்டும். தமிழ்நாட்டுப் பள்ளிப் பலகைக்கு 1893, 1906, 1921, 1957, 2001 நம் தேர்வு. உலக அரசியல் படிக்கும் கல்லூரி மாணவருக்கு 1957-ஐயும் 1973-ஐயும் இரண்டையும் வைத்துக்கொண்டு 1893-ஐ விடலாம். ஆண்டு வரிசைப்படி எழுதுங்கள். பிறப்பு இறப்புகளைத் தனியாகப் பிரித்தால் பலகை பஞ்சாங்கம் மாதிரி ஆகிவிடும்.

எத்தனையாவது ஆண்டு?

பட்டியலில் ஆண்டைப் போட்டால் போதும். ‘எத்தனையாவது’ என்று எழுத ஆசைப்பட்டால் கவனம். பிறந்து நூறு ஆண்டு நிறைவதும் நூற்றாண்டு தொடங்குவதும் ஓராண்டு இடைவெளி. 1917-இல் பிறந்த எம்.ஜி.ஆருக்கு நூற்றாண்டு விழா 2017-இல், அதாவது நூறு நிறைந்த பிறகு. 1924-இல் பிறந்த கருணாநிதிக்கு 2023 ஜூன் 3-இல், அதாவது 99 நிறைந்து நூறாவது ஆண்டு தொடங்கியபோது. இரண்டு வழக்கும் நடைமுறையில் இருப்பதால் ‘நிறைவு’, ‘தொடக்கம்’ என்ற சொல் இல்லாமல் எண்ணை எழுதாதீர்கள்.

பதிவேட்டில் பிப்ரவரி 29-க்கும் தாள் வேண்டும். மொரார்ஜி தேசாய் (1896), ருக்மிணி தேவி அருண்டேல் (1904) இருவரும் அன்று பிறந்தவர்கள். 1900 லீப் ஆண்டு இல்லை என்பதால் மொரார்ஜியின் முதல் பிறந்தநாளே 1904 பிப்ரவரி 29-இல்தான் வந்தது. அன்றுதான் மதுரையில் ருக்மிணி தேவி பிறந்தார். சாதாரண ஆண்டுகளில் இந்தத் தாளை 28-ஆம் தேதிப் பலகையில், ‘பிப்ரவரி 29’ என்று தலைப்பிட்டு, 28-இன் வரிகளுக்குக் கீழே தனியாக எழுதுங்கள். தேசிய அறிவியல் நாளும் 28-இல் வருவதால் அன்று பலகையில் இடம் முன்கூட்டியே ஒதுக்கி வையுங்கள்.